கடைசிச் சரணத்தில் வருகிறவள்

"டீச்சர், குரல்ல காதலை எப்படிக் கொண்டுவாறது?"

கேட்டவள் தங்கபுஷ்பம். களியக்காவிளையில் விலாசினி டீச்சரிடம் நான்கு வருடமாகப் பாட்டுப் படிக்கிறாள். இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயது. ஐம்பதை நெருங்கிக்கொண்டிருந்தார்கள்.

"எந்தப் பாட்டுக்கு?"

"எங்க வீட்டுக்காரரோட மழைப்பாட்டு. இப்ப அதைப் பொம்பளைக் குரல்ல கேக்காங்க. ரெக்கார்டிங்ல ஆறு தடவை பாடிட்டேன். காதலே இல்லையாம். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அவரு உக்காந்துக்கிட்டு, 'கொஞ்சம் சிரிச்சுப் பாடு'ங்காரு."

அவள் கணவர் ஸ்ரீகண்டன் இருபது வருடம் முன்பு மலையாளத்தில் எழுதிப் பாடிய பாட்டு அது. இன்றும் மழை பிடித்தால் ரேடியோவில் அதுதான். காதலி வீட்டு வாசலில் ஒருவன் கொட்டும் மழையில் நின்று கூப்பிடுகிறான். கடைசிச் சரணத்தில் அவள் நனைந்துகொண்டே ஓடி வருகிறாள்.

"பாடு."

பாடினாள். சுருதி பிசகவில்லை.

"யாரு மேல இவ்வளவு கோபம்?"

புஷ்பம் பாட்டு நோட்டை மூடி வைத்தாள்.

"அந்த மழை எனக்குத் தெரியும் டீச்சர். மக பொறந்த அன்னைக்குப் பெஞ்சது. நான் ஆஸ்பத்திரியில கெடந்தேன். விளக்கு வைக்கிற நேரத்துல வந்தாரு, சொட்டச் சொட்ட. ரோட்டுல மரம் விழுந்துட்டுன்னாரு. ரெண்டு மாசத்துல பாட்டு வந்துச்சு. ஓடி வந்தவ யாருன்னு இன்னைக்கு வரைக்கும் நான் கேக்கல. இப்ப அவளாட்டம் நான் பாடணும்."

"முடியாதுன்னு சொல்லிடேன்."

"வேற ஒருத்தி பாடிட்டுப் போயிருவா. எனக்குன்னு வந்த மொதல் பாட்டு டீச்சர், இது."

டீச்சர் சுருதிப் பெட்டியை நிறுத்தினார்.

"அவ ஓடி வரல."

"கடைசிச் சரணத்துல வாறாளே."

"அது சரணம். அவ கதவைச் சாத்திட்டா. 'பெண்டாட்டிகிட்டப் போங்க'ன்னு உள்ளேயிருந்து கத்தினா. அவரு போகல. பொழுது சாயுற வரைக்கும் வாசல்லயே நனைஞ்சுக்கிட்டு நின்னாரு."

புஷ்பம் நிமிர்ந்து பார்த்தாள்.

"ஒங்களுக்கு இதெல்லாம் யாரு சொன்னா?"

"ஒனக்கு வலி கண்டுட்டுன்னு ஒன் தம்பி அவரைத் தேடி வந்தது என் வீட்டுக்குத்தான்."