இருபது விடியலும் அறுபது கோடும்

நாணல் அடர்ந்த ஒரு குளத்தில் கருக்கி என்றொரு கானாங்கோழி ஐந்து முட்டைகளை அடைகாத்து வந்தது.

அந்தக் குளம் நம் உலகத்தில் இல்லை. அது இருந்த உலகத்தில் பொழுதுக்கு ஓர் ஒழுங்கே கிடையாது. நினைத்தால் விறுவிறுவென்று சுழலும். நினைத்தால் சோம்பிக் கிடக்கும். ஒரு பகலில் மூன்று முறை பசித்துத் தின்று, இரண்டு முறை தூங்கி எழுந்தாலும் வெயில் அப்படியே நிற்கும். இன்னொரு பகல், புல்லில் பனி காய்வதற்குள் முடிந்துபோகும். அதனால் அங்கே யாரும் "நாளைக்குப் பார்க்கலாம்" என்று சொல்வதில்லை. "வெளிச்சம் வந்தால் பார்க்கலாம்" என்று சொல்லித்தான் பிரிவார்கள்.

காலத்தை எண்ணும் பொறுப்பு உடும்பிடம் இருந்தது. கரையில் ஒரு பட்டமரம் நின்றது. ஒவ்வொரு விடியலுக்கும் உடும்பு அதில் நகத்தால் ஒரு கீறல் போடும். பகல் நீளமா குட்டையா என்பதைப் பற்றி அதற்குக் கவலையில்லை. விடியல் என்றால் விடியல்தானே என்றே குளத்தில் எல்லோரும் நினைத்தார்கள்.

குளத்துக்கு ஒரு சட்டமும் இருந்தது. இருபது விடியலுக்குள் பொரியாத முட்டையைத் தாயே கூட்டிலிருந்து தள்ளிவிட வேண்டும். கூழ்முட்டை அழுகினால் அந்த நாற்றத்துக்கு மலையிலிருந்து பாம்புகள் இறங்கும்; எல்லார் குஞ்சுகளுக்கும் ஆபத்து. இதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. தள்ளிய முட்டையை அப்புறப்படுத்தும் வேலையையும் உடும்பே ஏற்றுக்கொண்டது. எப்படி அப்புறப்படுத்தியது என்று கேட்கிறீர்களா? தின்றுதான். அதையும் குளத்தார் ஓர் உதவியாகவே எடுத்துக்கொண்டார்கள்.

போன பருவத்தில் கருக்கியின் குஞ்சுகள் பதினெட்டாம் விடியலிலேயே வெளியே வந்துவிட்டன. இந்தப் பருவத்தில் இருபதாவது கீறலும் விழுந்துவிட்டது. ஓட்டில் ஒரு விரிசல்கூட இல்லை.

உடும்பு கூட்டுக்குக் கீழே வந்து நின்றது. கருக்கி கெஞ்சியது. முட்டைகள் இன்னும் கதகதப்பாகத்தான் இருக்கின்றன, இன்னும் கொஞ்சம் பொறுக்கலாம் என்று சொல்லிப் பார்த்தது. உடும்பு கோபப்படவில்லை. அதன் குரலில் இரக்கம்கூட இருந்தது.

"ஒரேயடியா அஞ்சையும் தள்ளச் சொல்லலம்மா. விடியலுக்கு ஒண்ணு தள்ளு. மனசு தாங்கிக்கும்" என்றது.

எவ்வளவு நல்ல மனசு பாருங்கள்! ஐந்தையும் ஒரே வேளையில் தின்ன அதன் வயிற்றிலும் இடம் கிடையாது.

கருக்கி தன் அலகாலேயே ஒரு முட்டையை உருட்டியது. கூட்டின் விளிம்பு வரை வந்து ஒரு கணம் நிறுத்தியது. பிறகு தள்ளிவிட்டது. முட்டை சேற்றில் விழாமல் கல்லில் விழுந்து உடைந்தது. உள்ளே இறகு ஈரமாக ஒட்டிய ஒரு குஞ்சு கிடந்தது. அது ஒருமுறை வாயைத் திறந்தது. அப்புறம் திறக்கவில்லை.

"உயிர் இருந்துதே அண்ணே" என்றது கருக்கி.

"இருந்திருந்தா எப்பவோ வெளிய வந்திருக்கும்" என்றது உடும்பு. குஞ்சைக் கவ்விக்கொண்டு போய்விட்டது.

கருக்கிக்கு அழக்கூட வரவில்லை. மீதி நான்கின் மேல் உடம்பைப் பரப்பி உட்கார்ந்துகொண்டது. தன் பிள்ளையைத் தானே கொன்றுவிட்டோம் என்ற நினைப்பு அதை விடவில்லை.

கூட்டை ஒட்டி ஒரு பாறை இருந்தது. அதில் ஒரு நத்தை வாழ்ந்தது. பாறையின் முன்பக்கம் ஏறிப் பின்பக்கம் இறங்குவதுதான் அதன் பிழைப்பு. பகல் நீண்டாலும் குறுகினாலும் அதன் நடை மாறாது. ஒருமுறை ஏறிய தடத்தில் மறுமுறை ஏறாது. ஒரு விரற்கடை தள்ளித்தான் ஏறும். அது போன வழியெல்லாம் வெள்ளிக் கோடாகப் பாறையில் மின்னும். வேலையற்ற பிறவி என்று அதை எல்லோரும் கேலி செய்வார்கள்.

அந்த நத்தை இப்போது வாய் திறந்தது.

"எனக்குச் சட்டம் தெரியாது கருக்கி. ஆனா போன தடவை நீ அடைக்கு உட்கார்ந்து குரல் குடுத்தப்போ, நான் அந்த வெடிப்புக்கிட்ட ஏறிட்டிருந்தேன். உன் குஞ்சுங்க கத்தினப்போ அந்தப் பாசித் திட்டுக்கிட்ட இருந்தேன். இந்தத் தடவை நீ குரல் குடுத்தது வெள்ளைக் கல்லுக்கிட்ட. நீயே வந்து எண்ணிப் பாரு."

கருக்கி முட்டைகளை நாணலால் மூடிவிட்டுப் பாறைக்குப் போய் எண்ணியது. வெடிப்பிலிருந்து பாசித் திட்டு வரை அறுபது கோடுகள். வெள்ளைக் கல்லிலிருந்து இன்று வரை நாற்பத்து நான்கே கோடுகள். திரும்ப எண்ணியது. மாறவில்லை.

கருக்கிக்கு விளங்கிவிட்டது. இந்தப் பருவத்தில் பகல்கள் குட்டை. இருபது விடியல் ஓடிவிட்டது. குஞ்சு வளர வேண்டிய காலம் ஓடவில்லை.

அது குளத்தாரைக் கூட்டி விஷயத்தைச் சொன்னது. நத்தையின் எச்சிலா சட்டம் என்று உடும்பு சிரித்தது. தவளைகளுக்குப் பாம்பைப் பற்றிய பயம். கரையில் கூடு கட்டும் நாரை தலையைக் குனிந்துகொண்டது.

"பதினாறு கோடு கொடுங்க" என்றது கருக்கி. "பதினேழாவது விழுந்தா நாலையும் நானே தள்ளிட்டு, குளத்தை விட்டே போயிடுறேன்."

குளத்தை விட்டுப் போனால் பாம்பு மலையைத் தவிரப் போக்கிடம் இல்லை. அது எல்லோருக்கும் தெரியும். அதனால் யாரும் மறுக்கவில்லை.

அதன் பிறகு பகல்கள் வந்த வேகத்தில் போயின. உடும்பு கீறலுக்கு மேல் கீறலாகப் போட்டது. ஒவ்வொரு விடியலிலும் கூட்டுக்குக் கீழே வந்து அண்ணாந்து பார்த்துவிட்டுப் போனது. கருக்கி இரை தேடப் போகவில்லை. நாரைதான் எப்போதாவது ஒரு புழுவைக் கொண்டுவந்து போட்டது. நத்தை ஏறியது, இறங்கியது, மறுபடி ஏறியது. வேகமாகப் போ என்று யாரும் அதனிடம் சொல்லவில்லை. மெதுவாகப் போ என்றும் கருக்கி கேட்கவில்லை.

பதினாறாவது கோடு பாறையின் பாதிக்கு வந்தது. முட்டைகள் அசையவில்லை. முக்கால் பாகத்துக்கு வந்தது. அப்போதும் அசையவில்லை. குளத்தார் எல்லோரும் பாறையடியில் கூடிவிட்டார்கள். நத்தை உச்சியைத் தொட்ட நேரத்தில், கருக்கியின் வயிற்றுக்கடியில் மெல்ல ஒரு தட்டல் கேட்டது. இன்னொன்று கேட்டது. ஓடு விரிந்தது.

நான்கு குஞ்சுகளும் ஒன்றன்பின் ஒன்றாக வெளியே வந்தன.

தவளைகள் கத்தத் தொடங்கின. ஆனால் நாரை மட்டும் பட்டமரத்தருகே போய்ப் பழைய கீறல்களைப் பார்த்துக்கொண்டு நின்றது. இதே மாதிரிக் குட்டைப் பகல்கள் வந்த பருவம் ஒன்றில் அது மூன்று முட்டைகளைத் தள்ளியிருந்தது. அதைப் பார்த்ததும் மற்றத் தாய்களுக்கும் தத்தம் முட்டைகள் நினைவுக்கு வந்தன. ஒவ்வொரு குரலாக அடங்கியது.

கருக்கி கூட்டிலிருந்து இறங்கி உடும்பின் எதிரே வந்து நின்றது.

"அண்ணே, இத்தனை பருவமா தள்ளின முட்டையெல்லாம் உடைச்சுத் தின்னது நீங்க மட்டும்தான். அதுல ஒண்ணுலகூட உயிர் இருந்ததை நீங்க பார்த்ததில்லையா?"

உடும்பு பட்டமரத்தைப் பார்த்தது; தன் நகத்தைப் பார்த்தது. பிறகு யாரும் விரட்டாமலே நாணலுக்குள் நுழைந்து மலைப் பக்கமாகப் போனது. திரும்பி வரவேயில்லை.

அதன்பின் அந்தக் குளத்தில் யாரும் விடியலை வைத்து முட்டையின் ஆயுளை எண்ணவில்லை. நான்கு குஞ்சுகளும் நன்றாக வளர்ந்தன. ஆனால் கருக்கி இரை கொண்டுவரும்போதெல்லாம் ஐந்து புழுக்கள்தான் கொண்டுவந்தது.

உயிரை அளக்கும் கோலை, அந்த உயிர் போனால் பசியாறுகிறவன் கையில் ஒருபோதும் கொடுக்கக் கூடாது.