வாத்தானவளை மீட்ட ஓலை

இரண்டு நிலவுகள் காய்கிற ஒரு நாட்டில் ஏட்டூர் என்று ஓர் ஊர். ஒன்பது உலகத்து மந்திரங்களையும் அடக்கிய பழைய சுவடி ஒன்று அங்கே இருந்தது. அதைக் காக்க மூன்று பேர். தலைவர் பெருங்கண்ணார், அவருக்குக் கீழே சாத்தன், அவனுக்கும் கீழே ஓரி. கீழே போகப் போக அறிவு குறையும் என்று நினைத்துவிட வேண்டாம். மூவருக்கும் ஒரே அளவுதான்.

காவலர்களுக்கு ஒரே விதி: ஓலையில் உள்ள எதையும் விடக் கூடாது, வரிசை மாற்றக் கூடாது. நல்ல விதிதான். ஆனால் முந்நூறு ஆண்டுகளுக்கு முன் அந்தச் சுவடியைப் படியெடுத்தவன் ஒரு வாயாடி. மந்திரத்துக்கு நடுவே மனதில் பட்டதையெல்லாம் எழுதி வைத்துவிட்டான். எது மந்திரம், எது அவன் புலம்பல் என்று இவர்கள் பிரித்துப் பார்த்ததில்லை. பிரிப்பது பாவம். சிரிக்க நமக்கு என்ன தகுதி என்று தெரியவில்லை. ஆனாலும் சொல்கிறேன்.

அவ்வூர் நெடுமாடனின் மனைவி பூங்குழை, வழியில் போன மந்திரவாதி ஒருவனின் தாடியைப் பார்த்துச் சிரித்தாள். அவன் அவளை வாத்தாக்கிவிட்டான். "இரண்டு நிலவும் சேர்ந்து உதிக்கும் வரைதான் உனக்குப் பேச்சு. அதற்கப்புறம் வெறும் வாத்து" என்று சொல்லிவிட்டுப் போனான். நிலவுகள் சேரும் நாளும் வந்தது. அன்று காலை நெடுமாடன் அவளைக் கூடையில் வைத்துக்கொண்டு ஏட்டு மண்டபத்துக்கு ஓடி வந்தான்.

"ஐயா, இவளை விட்டால் எனக்கு யாருமில்லை."

"எனக்கும் இந்த ஆளை விட்டால் வேற ஆள் அமையல. சீக்கிரம் பாருங்க" என்றது வாத்து.

பெருங்கண்ணார் 'வாத்தானவரை மீட்கும் முறை' என்ற ஓலையை எடுத்தார். முதல் வரி: 'உருமாறியவரைக் கிழக்கு நோக்கி உட்கார வைக்கவும்.' வைத்தார்கள். இரண்டாம் வரி: 'முதுகு அரிக்கிறது. கை எட்டவில்லை.'

"யார் முதுகு?" என்றான் சாத்தன்.

"பெயர் இல்லை. அதனால் எல்லார் முதுகும்."

"எனக்கு அரிக்கலையே, ஐயா" என்றான் ஓரி.

"தானாக அரித்தால் அதில் உன் பெருமை என்ன?"

ஓரி காஞ்சொறி இலை பறித்து வந்தான். நால்வர் முதுகிலும் தேய்த்தார்கள். கை எட்டக் கூடாதே என்று ஒருவர் கையை ஒருவர் கட்டிக்கொண்டார்கள். கடைசியில் ஓரியின் கையைக் கட்ட ஆளில்லை. அவன் தன் கைமேல் தானே உட்கார்ந்துகொண்டான்.

வாத்து அலகால் கட்டுகளை அவிழ்த்தது. "மூணு வரி தள்ளி மோர்னு போட்டிருக்கு. எனக்கே தெரியுது. அதைச் செய்யுங்களேன்."

"வரிசை, அம்மா. வரிசை" என்றார் பெருங்கண்ணார்.

அடுத்த வரி: 'மதியத்துக்குக் கத்திரிக்காய்க் குழம்பு. ஒரே உப்பு. யாரிடம் சொல்வது?' குழம்பு வைத்து இரண்டு கை நிறைய உப்பை அள்ளிப் போட்டார்கள். யாரிடம் சொல்வது என்று தெரியாததால் யாரிடமும் சொல்லாமல், கண்ணீர் வழியச் சாப்பிட்டார்கள். "உப்பு..." என்று தொடங்கிய நெடுமாடனின் வாயைச் சாத்தன் பொத்தினான்.

அடுத்தது: 'ஓலைமேல் ஈ உட்கார்ந்திருக்கிறது. போகட்டும்.'

ஈ இல்லை. ஓரி ஓலையில் வெல்லம் தடவினான். ஈக்கள் வந்தன. வந்தவை போகவில்லை. மூவரும் கைகூப்பிக் காத்திருந்தார்கள். வெயில் சாய்ந்தது. பொறுக்க முடியாமல் வாத்து எட்டி நாலு கொத்துக் கொத்தியது.

"போயாச்சு. மேலே படிங்க."

"வெளியே போச்சா, உள்ளே போச்சா?" என்று சாத்தன் இழுத்தான்.

பெருங்கண்ணார் யோசித்தார். "போனது போனதுதான்."

அடுத்த வரி: 'உருமாறியவர் தலையில் மூன்று சொட்டு மோர் விட்டு, பெயர் சொல்லி அழைக்கவும்.' விட்டார்கள், அழைத்தார்கள். கூடையை மிதித்துக்கொண்டு பூங்குழை நின்றாள், நெற்றியில் வழிந்த மோரைத் துடைத்தபடி. நெடுமாடன் அவள் கையைப் பிடித்துக்கொண்டு தேம்பினான்.

"இன்னும் ஒரு வரி இருக்கு" என்றார் பெருங்கண்ணார்.

'அடடா, தவறிவிட்டேன். மேலே எழுதியது கழுதையானவருக்கு உரியது.'



"அப்படின்னா இந்த அம்மா?" என்றான் ஓரி.

"கழுதை மருந்தில் குணமானவர் கழுதையாகத்தான் இருந்திருக்க வேண்டும்" என்றார் பெருங்கண்ணார்.

"என் பேரைச் சொல்லித்தானே கூப்பிட்டீங்க?" என்றாள் பூங்குழை.

"கழுதைக்கு அந்தப் பெயர் இருக்கக் கூடாதா, அம்மா?"

நெடுமாடன் அவள் கையைச் சட்டென்று விட்டான். "தாயே, மன்னிக்கணும். தெரியாமல் தொட்டுட்டேன்."

"யோவ், நான்தான்யா."

"என் மனைவி வாத்து, தாயே. நீங்க பொதி சுமந்து களைச்சிருப்பீங்க. உட்காருங்க."

வாத்தைக் காணோம் என்று நால்வரும் குளத்துக்கு ஓடினார்கள். இரண்டு நிலவும் எழுந்துகொண்டிருந்தன. நெடுமாடன் கழுத்தளவு நீரில் இறங்கி ஒரு வாத்தைப் பிடித்துக் கரையேற்றினான். "பூங்குழை, ஏதாவது பேசு" என்று கெஞ்சினான். அது 'குவாக்' என்றது.

"நேரம் தாண்டிப் போச்சு" என்று அழுதான். "இனி இவள் வெறும் வாத்து. இருந்தாலும் கைவிட மாட்டேன்."

காவலர்கள் பின்னால் வர, அதை வீட்டுக்குக் கொண்டு வந்து பாயில் உட்கார வைத்தான். அதற்குள் வீடு வந்து சேர்ந்திருந்த பூங்குழை அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். சொல்லி ஆகப்போவது எதுவுமில்லை என்பது அவளுக்குத் தெரிந்துவிட்டது. வாத்து இரண்டு முறை உடம்பைச் சிலிர்த்து, பாயில் ஒரு முட்டை இட்டது.

"வாழ்த்துகள், நெடுமாடா" என்றார் பெருங்கண்ணார். "ஆணா பெண்ணா என்று ஓலையைப் பார்த்துச் சொல்கிறோம்."

நெடுமாடன் வெட்கத்தோடு பூங்குழையிடம் வந்தான். "தாயே, வீட்டில் பெரியவங்க யாருமில்லை. பிள்ளை பெற்றவளுக்குப் பத்தியம் என்ன கொடுக்கணும்னு கொஞ்சம் சொல்லுங்களேன்."