மணைமேல் மணை

தன் முத்திரை மோதிரத்தைவிடத் தன் பிற்பகல் உறக்கத்தைப் பெரிதாக மதித்த அரசன் ஒருவன் வேலங்கரைப் பட்டினத்தை ஆண்டான். நெடுவேலன் என்பது அவன் பெயர். அவன் அவையில் சேந்தன் என்றோர் அறிவாளி இருந்தான். எந்த வாதத்திலும் நீந்திக் கரையேறுவான். தண்ணீரில் மட்டும் நீந்தத் தெரியாது. அந்தக் குறை ஒருநாள் அவன் உயிருக்கே உலை வைத்தது.

பட்டினத்தில் முத்துக் குளிக்கும் வணிகக் குழு ஒன்று இருந்தது. நெசவாளரும் எண்ணெய் வாணிகரும் கைம்பெண்களும் தத்தம் சேமிப்பைப் பங்காகப் போட்டு வளர்த்தது அது. அதன் தலைவர் குபேரநம்பி. முத்து மிகுந்த ஆண்டில் "என் திறமை" என்பார், ஊதியம் உயரும். முத்து குறைந்த ஆண்டில் "கடலின் குற்றம்" என்பார், ஊதியம் குறையாது. கடலுக்கு மறுமொழி கூறத் தெரியாததால் இந்த ஏற்பாடு தடையின்றி நடந்தது. பங்கு போட்டவர்களுக்குத் தாம்பூலமும் நம்பிக்கையும் ஆண்டுதோறும் தவறாமல் கிடைத்தன.

ஆண்டறிக்கையை அரசனிடம் படித்துக் காட்டுவது வழக்கம். மொத்தம் எண்பது ஓலை. முதல் எழுபத்தெட்டில் குழுவின் புகழ்; அடுத்ததில் தலைவரின் ஊதியம்; கடைசியில் அரசனுக்கு வாழ்த்து. அவ்வாண்டு நெடுவேலன் மூன்றாம் ஓலையில் உறங்கினான். வாழ்த்தொலி கேட்டு விழித்தான். முத்திரையை அழுத்தினான்.

மறுநாள் முத்துக் குளிப்பவர்களின் மூப்பன் மூக்கன், நைந்த கயிறு ஒன்றை அவை நடுவே போட்டான்.

"சாமி, இதே மாதிரிக் கயிறு அறுந்துதான் போன பருவத்துல ரெண்டு பேரு மேல வரல. புதுக் கயிறு கேட்டா பணம் இல்லைங்கிறாங்க. நாலாம் நாள் கடல்ல இறங்கணும்."

"முடிச்சுப் போட்டால் இன்னும் ஓராண்டு உழைக்கும்" என்றார் குபேரநம்பி.

"பணம் எங்கே போயிற்று?" என்றான் அரசன்.

குபேரநம்பி எழுபத்தொன்பதாம் ஓலையைப் பணிவோடு நீட்டினார். "உப்பு, மிளகு, குதிரை ஆகிய குழுக்களின் தலைவர்கள் பெறும் ஊதியத்தின் சராசரியைவிட என் ஊதியம் உயர்ந்திருக்க வேண்டும் என்பது விதி. தாங்கள் முத்திரையிட்டது, மன்னா."

"அவர்களின் ஊதியத்துக்கு என்ன விதி?" என்று கேட்டான் சேந்தன்.

"இதே விதிதான். எனக்கு எவ்வளவு என்று அவர்கள் கூடி முடிவு செய்வார்கள். அவர்களுக்கு எவ்வளவு என்று முடிவு செய்யும்போது நான் உடன் இருப்பேன். எங்கள் அருமை வேறு யாருக்குத் தெரியும்?"

அவை கலைந்ததும் அரசன் சேந்தனைப் பிடித்துக்கொண்டான்.

"நான் உறங்கியபோது எழுப்பாமல் நின்றவன் நீதானே? என் வாக்கும் முறியக் கூடாது. புதுக் கயிறும் வர வேண்டும். மூன்று நாள் தருகிறேன். வழி காணாவிட்டால், இந்தக் கயிற்றைக் கட்டிக்கொண்டு நீயே முதலில் இறங்கு!"

இன்னும் போகாமல் நின்றிருந்த மூக்கன் சேந்தனை ஏற இறங்கப் பார்த்தான். "நீச்சல் தெரியுங்களா?"

"தெரியாது."

"அப்ப மூழ்குறதுக்குக் கட்டுற கல்லு உங்களுக்குத் தேவைப்படாது."

இரண்டு நாள் சேந்தன் கடற்கரையில் நின்று அலைகளை எண்ணினான். ஒவ்வோர் அலையும் தன் பெயரைச் சொல்லி அழைப்பதாகவே அவனுக்குப் பட்டது. மூன்றாம் நாள் நான்கு தலைவர்களுக்கும் அரண்மனையில் விருந்து ஏற்பாடு செய்தான்.

தரையில் இலைகள் விரிந்தன. இலைக்கு ஒரு மணைப்பலகை. அரசன் எதிரே அமர்ந்தான். மூக்கன் அந்த நைந்த கயிற்றை முடிச்சுப் போட்டு எடுத்து வந்து ஓரமாக நின்றான்.

"பெரியோர்களே, ஊதியத்துக்கு வைத்த விதியே இன்று இருக்கைக்கும் விதி" என்றான் சேந்தன். "ஒவ்வொருவர் இருக்கையும் மற்ற மூவருடைய சராசரியைவிட உயர்ந்திருக்கலாம். தாழ்வாகத் தோன்றினால் கேளுங்கள்."

குபேரநம்பி உடனே இன்னொரு மணை கேட்டார். வந்தது.

"நான் மட்டும் என்ன பாவம் செய்தேன்?" என்றார் உப்புத் தலைவர். அவருக்கு இரண்டு வந்தன.

"உப்புக்கு மிளகு தாழ்ந்ததோ?" என்றார் மிளகுத் தலைவர்.

குதிரைத் தலைவர் எத்தனை வேண்டும் என்று விரல்களால் காட்டினார்.

இப்போது குபேரநம்பி எல்லாரினும் தாழ்ந்துவிட்டார். மறுபடியும் தொடங்கிற்று. பணியாளர்கள் மூச்சு வாங்கினார்கள். ஏணி வந்தது. மணைமேல் மணை ஏறி, நால்வர் தலையும் உத்தரத்தில் இடித்தபோதுதான் கூச்சல் நின்றது. சேந்தன் கண்காட்ட, ஏணி வெளியே போயிற்று. கீழே இலைகளில் பருப்பும் நெய்யும் விழுந்தன. மணம் மட்டும் மேலே சென்றது.

"சேந்தா, பசிக்கிறது! எங்களை இறக்கு!"

"இறக்கலாம். யார் முதலில்?"

மிளகுத் தலைவர் பக்கத்து அடுக்கைக் காட்டினார்.

"உப்பார் இறங்கட்டும்."

"ஏன், நான் இளைத்தவனா? நீர் இறங்கும்!"

அடுக்குகள் ஆடின. "யாராயினும் சரி, ஏணியைக் கொண்டு வா!" என்று அலறினார் குபேரநம்பி.

"ஏணிக்குப் பணம் இல்லை, ஐயா. எல்லாம் மணைகளுக்கே செலவாகிவிட்டது. மூக்கா, கயிற்றை எறி."

மூக்கன் எறிந்த கயிறு உத்தரத்தில் மாட்டிக்கொண்டு குபேரநம்பியின் மூக்கருகே தொங்கிற்று. அவர் முடிச்சைப் பார்த்தார். நீட்டிய கையை இழுத்துக்கொண்டார்.

"இதுவா? இது அறுந்துவிடுமே!"

அரசன் கையிலிருந்த கவளம் வாய்க்குப் போகவில்லை. "ஓராண்டு உழைக்கும் என்றீர்களே?"

"அது... கடலில் இறங்குகிறவர்களுக்கு, மன்னா."

எவரும் சிரிக்கவில்லை.

"கடல் எட்டு ஆள் ஆழம். இங்க மூணு ஆள் உயரந்தான். தைரியமா இறங்குங்க" என்றான் மூக்கன்.

சேந்தன் குரலைத் தாழ்த்தினான். "தலைவர்களே, அரசர் தந்ததை அரசரே பறித்தால்தான் வாக்குப் பிழை. பெற்றவர் தாமே திருப்பிக் கொடுத்தால் பிழையேது?"

"கொடுத்தோம்! கொடுத்தோம்!"

நீண்ட கழி ஒன்றின் நுனியில் ஓலையும் எழுத்தாணியும் மேலே போயின. விதியைத் திருப்பித் தந்தோம்; இவ்வாண்டு உயர்ந்த ஊதியம் முழுதும் கயிற்றுக்கு; இனி அறிக்கையில் ஊதிய ஓலையே முதல் ஓலை. நால்வரும் கையெழுத்திட்டார்கள். ஏணி வந்தது. யார் முதலில் என்ற வழக்கே எழவில்லை. அவர்கள் தரையைத் தொட்டபோது மோர் மட்டும் மிஞ்சியிருந்தது.

மறுநாள் விடியலில் புதுக் கயிறுகள் படகேறின. சேந்தன் அவற்றைக் கரையில் நின்றபடியே வாழ்த்தினான்.

நெடுவேலன் வயிறு குலுங்கச் சிரித்தான். "சேந்தா, உன் ஊதியத்தை உயர்த்தப் போகிறேன். யாரங்கே! மற்ற அமைச்சர்கள் எவ்வளவு பெறுகிறார்கள் என்று கேட்டு வா!"

சேந்தன் பதறிப்போய் அரசன் காலில் விழுந்தான்.

"கொடுப்பதைக் கொடுங்கள், மன்னா, அதை மட்டும் கேட்டுவிடாதீர்கள். அரண்மனையில் ஏணி ஒன்றுதான் இருக்கிறது!"