வழக்கை வாபஸ் வாங்கிய முள்ளம்பன்றி

ஓடைக்கரை மருத மரத்தடியில் ஒரு முள்ளம்பன்றி வளை தோண்டிக் குடியிருந்தது. ஒரு நாள் அது கிழங்கு தேடிப் போய்த் திரும்பியபோது, வளைக்குள் ஒரு நரி கால் நீட்டிப் படுத்திருந்தது.

"இது என் வீடு! வெளியே வா!"

"நான் தோண்டிய வளை! நீ வேறு இடம் பார்!" என்று நரி பல்லைக் காட்டியது.

முள்ளம்பன்றி வயிற்றில் குட்டிகளைச் சுமந்திருந்தது. மழைக்காலமும் நெருங்கிக்கொண்டிருந்தது. அது நேரே நியாயம் சொல்லும் யானையிடம் போய் வழக்குப் போட்டது.

அந்தக் காட்டில் ஒரு சட்டம் உண்டு. எடுத்த வழக்கை அன்றைக்கே தீர்க்க வேண்டும். தீர்ந்த வழக்கை மறுபடி யாரும் கிளப்பக் கூடாது.

விசாரணைக்கு நரி இரண்டு காகங்களோடு வந்தது. "மருத மரத்தில் ஒரே கிளையில் உட்கார்ந்து பார்த்தோம். நரிதான் தோண்டியது!" என்று இரண்டும் சாதித்தன.

முள்ளம்பன்றியின் சாட்சி, அந்த மரத்துப் பொந்தில் வாழும் மரங்கொத்தி. வருவதாகச் சொல்லியிருந்தது. ஆனால் முந்தின நாள்தான் முட்டையிட்டிருந்தது. பொந்தை விட்டு வந்தால் காகங்கள் சும்மா இருக்குமா?

சாட்சி இல்லாமல் தீர்ப்பு வந்தால் வீடு போனது போனதுதான் என்று முள்ளம்பன்றிக்குப் புரிந்தது.

"ஐயா, வழக்கை வாபஸ் வாங்குகிறேன்."

நரி துள்ளிக் குதித்தது. "அப்படியே ஆகட்டும்! கதை முடிந்தது!"

"எங்கே முடிந்தது?" என்று முள்ளம்பன்றி முட்களைச் சிலிர்த்தது. "ஐயா, என் சாட்சி அடைகாக்கிறது. குஞ்சுகள் பறந்ததும் இதே வழக்கோடு திரும்பி வர எனக்கு உரிமை உண்டு என்று எல்லார் முன்னாலும் சொல்லுங்கள். சொன்னால்தான் வாபஸ்!"

யானை யோசித்தது. "நியாயமான காரணம்தான். வாபஸ் வாங்கிக்கொள். திரும்பி வர உரிமை தந்தேன்!"

வெளியே முயல் ஓடிவந்தது. "என்ன அக்கா, பயந்துவிட்டாயா? மழைக்கு எங்கே போவாய்?"

"பாறை இடுக்குக்கு. நனைந்த உடம்பு காய்ந்துவிடும். தோற்றிருந்தால் ஆயுசுக்கும் வெளியேதான்!"

மழை கொட்டியது. முள்ளம்பன்றி குளிரில் நடுங்கியது. ஆனாலும் மனம் தளரவில்லை. குஞ்சுகள் பறந்ததும் மரங்கொத்தியை அழைத்துக்கொண்டு யானையிடம் போனது.

"வாபஸ் வாங்கிய வழக்கு! செல்லாது!" என்று நரி கத்தியது.

"உரிமை தந்தது நான்! நீ சும்மா இரு!" என்றது யானை.

காகங்கள் பழைய பாட்டையே பாடின.

"முள்ளம்பன்றி தோண்டியதை முதல் நாளிலிருந்து பார்த்தவள் நான்," என்றது மரங்கொத்தி. "என் மரத்தில் உங்களை ஒரு நொடியாவது உட்கார விட்டிருப்பேனா? எந்தக் கிளை, சொல்லுங்கள் பார்ப்போம்!"

"அடிக்கிளை!" என்றது ஒரு காகம்.

"உச்சிக்கிளை!" என்றது மற்றது.

கூட்டம் கொல்லென்று சிரித்தது. காகங்கள் பறந்தே போயின. வளை முள்ளம்பன்றிக்கே என்று யானை தீர்ப்புச் சொல்ல, நரி அன்றே வளையைக் காலி செய்தது. அடுத்த பெருமழையின்போது, உலர்ந்த வளைக்குள் இரண்டு குட்டிகள் தாயின் மடியில் பால் குடித்துக்கொண்டிருந்தன.

பின்வாங்க வேண்டிய நேரம் வந்தால், திரும்பி வரும் உரிமையைக் கேட்டு வாங்கிக்கொண்டு பின்வாங்குகிறவரே புத்திசாலி.