முழங்கால் தண்ணீர்

"தண்ணி எங்கள விட்டுப் போகுது தாயே," என்றான் காத்தவராயன்.

தோணியம்மை படகின் விளிம்பில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்க்கவில்லை.

எந்தக் கரையும் வேண்டாமென்று நடு ஆற்றில் ஒரு பழைய படகை நிறுத்தி, அதிலேயே வாழ்கிறவள் அவள். காத்தவராயனைவிடப் பத்து வயது இளையவள். ஆனாலும் அந்த ஆற்றங்கரையில் வழி தெரியாமல் நின்றவர்கள் எல்லோரும் ஒரு நாள் அவளிடம்தான் வந்து சேர்ந்தார்கள்.

காத்தவராயன், ஆற்றின் நடுவே தீவாகக் கிடக்கும் நாணல்திட்டின் தலைவன். மண் வெட்டி வெட்டிக் காய்த்துப்போன கைகளை மடியில் வைத்துக்கொண்டு தன் குறையைச் சொன்னான். திட்டுக்கு மேற்கே ஓடும் ஓடையில் தண்ணீர் கெண்டைக்காலுக்கு இறங்கிவிட்டது. ஊரே பகலெல்லாம் இறங்கி வெட்டுகிறது. விடிந்து பார்த்தால் மணல் வந்து மூடிக் கிடக்கிறது. கால் அளக்கும் நாளுக்கு இன்னும் பன்னிரண்டு நாள்தான் பாக்கி.

கால் அளக்கும் நாள் என்றால் அந்த ஆற்றில் மீனுக்குக்கூட வயிறு கலங்கும்.

முன்னொரு காலத்தில் கோட்டையை ஆண்ட ராஜா ஒருவர் ஒரு செப்பேடு எழுதிக் கொடுத்திருந்தார். நாலு பக்கமும் முழங்கால் அளவு தண்ணீர் ஓடுகிற மண், தன்னைத் தானே ஆண்டுகொள்ளலாம். எந்தச் சந்தோஷத்தில் எழுதினாரோ தெரியாது. அவருடைய பேரன்மார்கள் இன்றுவரை அவரைத் திட்டிக்கொண்டிருந்தார்கள்.

அதனால் திட்டுக்கு ராஜா கிடையாது. முப்பத்திரண்டு வீட்டுக்காரர்களும் பானையில் இலை போட்டுத் தலைவனைத் தேர்ந்தெடுப்பார்கள். அதைவிடப் பெரிய விஷயம், சுவர் ஊழியம் கிடையாது. கரையூர்களில் கோட்டைச் சுவர் கட்ட வருஷா வருஷம் வீட்டுக்கு ஓர் ஆள் போக வேண்டும். போனவர்களில் பாதிப் பேர் திரும்புவதில்லை. திட்டிலிருந்து இதுவரை ஒருவரும் போனதில்லை.

வருஷத்துக்கு ஒரு நாள் கோட்டை ஆள் ஒருவன் வந்து திட்டைச் சுற்றி நடப்பான். ஓரிடத்தில் அவன் முழங்கால் நனையாவிட்டாலும் செப்பேடு செல்லாது. யாருடைய முழங்கால் என்று செப்பேட்டில் எழுதவில்லை. ஆகவே கோட்டையில் இருப்பதிலேயே நெட்டையான ஆளாகப் பார்த்து அனுப்புவார்கள். திட்டுக்காரர்களும் அவன் உயரத்துக்கு வெட்டி வைப்பார்கள். இப்படியே மூன்று தலைமுறை ஓடிவிட்டது.

"இந்த வருஷம் தோத்துருவோம்," என்றான் காத்தவராயன். "முப்பத்திரண்டு வீடும் என்னைத்தான் பாக்குது."

தோணியம்மை கீரைத்தட்டைக் கீழே வைத்தாள். படகுக்குள் கிடந்த ஒரு சுரைக்குடுக்கையை எடுத்துத் தண்ணீரில் போட்டாள்.

"தண்ணி போகுதுங்கிறீங்களே தலைவரே. எங்க போகுதுன்னு கேட்டீங்களா?"

குடுக்கை மெல்ல நகர்ந்தது. அவள் மறுபடி கீரையை எடுத்துக்கொண்டாள். காத்தவராயன் குடுக்கை போகும் திசையைப் பார்த்தான். பிறகு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கினான்.

விடியற்காலைப் பனி இன்னும் விலகவில்லை. ஆறு எது, ஆகாயம் எது என்று தெரியவில்லை. குடுக்கை மட்டும் மஞ்சளாக முன்னால் போய்க்கொண்டிருந்தது. அது நின்றால் அவனும் நின்றான். அது அசைந்தால் அவனும் அசைந்தான். எவ்வளவு நேரம் அப்படிப் போனான் என்று அவனுக்கே தெரியாது. ஒரு கட்டத்தில் தான் நடக்கிறோமா மிதக்கிறோமா என்ற சந்தேகம்கூட வந்தது.

மேற்கு ஓடையின் வாய்க்கு வந்ததும் குடுக்கை உள்ளே திரும்பவில்லை. நேராகப் போய், மேற்குக் கரையூரான இலுப்பைக்கரைக்கு மேலே நாணல் அடர்ந்த ஓரத்தில் சட்டென்று மறைந்தது.

காத்தவராயன் நாணலை விலக்கினான்.

அங்கே ஒரு வாய்க்கால் இருந்தது. அவன் பிறந்து வளர்ந்து ஐம்பத்து நாலு வருஷத்தில் அங்கே அப்படி ஒன்றைப் பார்த்ததில்லை. இலுப்பைக்கரை ஊருக்குப் பின்னால் வளைந்து போய், ஒரு பெரிய பள்ளக்காட்டில் தண்ணீரைக் கொட்டிக்கொண்டிருந்தது. பள்ளம் நிறைந்து குளமாகக் கிடந்தது. குளத்தின் மறுகோடியில், பனிக்குள் ஒரு ஊரே குனிந்து மண்ணைச் சுரண்டிக்கொண்டிருந்தது.

யார் கையிலும் மண்வெட்டி இல்லை. இலுப்பைக்கரையின் மண்வெட்டிகளை எல்லாம் கோட்டையில் எண்ணிப் பூட்டி வைத்திருந்தார்கள். உழவு மாதத்தில் மட்டும் வெளியே வரும். அதனால் சோற்றுக்கரண்டியும் தாம்பாளமும் சிரட்டையுமாகத் தோண்டிக்கொண்டிருந்தார்கள்.

அவனைப் பார்த்ததும் எல்லாக் கையும் நின்றது. இடுப்பளவு குழிக்குள்ளிருந்து ஒரு பெண் ஏறி வந்தாள். குருவம்மா என்று பெயர். இலுப்பைக்கரைக்கு இப்போது அவள்தான் பொறுப்பு. ஆண்களில் பொறுப்பெடுக்கக் கூடியவர்கள் எல்லாம் சுவருக்குப் போயிருந்தார்கள்.

"எங்க தண்ணியவா திருடுறீங்க?" என்று கேட்டான் காத்தவராயன்.

"திருடத்தான் செய்றோம்ணே," என்றாள் அவள். "செப்பேட்டுல நாலு பக்கமும் தண்ணி ஓடுற மண்ணுன்னுதான் இருக்காம். நாணல்திட்டுன்னு இல்லையாம். மூணு பக்கம் எங்களையும் ஆறு சுத்தி வளையுது. நாலாவது பக்கத்த நாங்க வெட்டுறோம்."

"உங்க பள்ளம் நிறைஞ்சா எங்க ஓடை செத்துரும். அது தெரியுமா?"

"மொத நாளே தெரிஞ்சது."

"தெரிஞ்சுமா?"

"போன வருஷம் பதினோரு பேரு சுவருக்குப் போனாங்க. நாலு பேரு வந்தாங்க." அவள் கரண்டியில் ஒட்டியிருந்த சேற்றை விரலால் வழித்தாள். "உங்ககிட்ட வந்து கேட்டிருந்தா விட்டிருப்பீங்களா?"

காத்தவராயன் திரும்பி நடந்தான். விட்டிருக்க மாட்டான். அது இருவருக்கும் தெரிந்திருந்தது.

அவன் படகுக்குத் திரும்பி வந்தபோது உடம்பெல்லாம் கொதித்துக்கொண்டிருந்தது. மூன்று தலைமுறையாகத் திட்டுக்காரர்கள் இடுப்பொடிய வெட்டியபோது கரையில் நின்று வேடிக்கை பார்த்தவர்கள், இன்று சுதந்திரம் கேட்கிறார்களாம். அதுவும் அடுத்தவன் ஓடையை வற்றவைத்து. கோட்டைக்கு ஒரு வார்த்தை போனால் போதும், ஒரே நாளில் அந்த வாய்க்காலை மூடிவிடுவார்கள். தண்ணீர் தானாகத் திட்டுக்குத் திரும்பிவிடும்.

இதையெல்லாம் அவன் தோணியம்மையிடம் சொன்னான். கடைசி வாக்கியத்தைச் சொல்லும்போது மட்டும் அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

அவள் நங்கூரக் கல்லைத் தூக்கிப் படகில் போட்டாள். அந்தப் படகு நகர்ந்து பார்த்தவர்கள் அந்தப் பக்கத்தில் அதிகம் இல்லை.

படகு திட்டுக்குக் கிழக்கே ஓடும் பிரிவில் இறங்கியது. திட்டின் வாலைத் தாண்டியது. நாரைகள் ஒற்றைக்காலில் தூங்கிக்கொண்டிருந்தன. துடுப்புச் சத்தம்கூடக் கேட்கவில்லை. திட்டைத் தாண்டி, மேற்கே திரும்பி, இலுப்பைக்கரையின் கீழ்க்கோடியில் படகு மூக்கை மண்ணில் முட்டிக்கொண்டு நின்றது.

எதிரே பச்சைக் கரை. ஒரு புல்லும் அசையவில்லை.

அவள் துடுப்பை மடியில் வைத்துக்கொண்டாள்.

காத்தவராயன் என்னவென்று கேட்க வாயெடுத்தான். அப்போது கரைக்கு அப்பாலிருந்து அந்தச் சத்தம் கேட்டது. கல்யாண வீட்டுப் பின்கட்டில் பாத்திரம் தேய்க்கிற மாதிரி ஒரு சத்தம். நூறு கரண்டிகள் மண்ணைச் சுரண்டும் சத்தம்.

"இன்னும் எவ்வளவு தூரம் இருக்கும்?" என்று கேட்டாள் தோணியம்மை.

அவன் காதை வைத்தே அளந்தான். அது அவனுக்குக் கைவந்த வேலை. "ஆள் கை விரிச்ச கணக்குல இங்கருந்து அறுபது பாகம் இருக்கும்."

"பன்னிரண்டு நாள்ல முடிச்சுருவாங்களா?"

"கரண்டியாலயா?" அவன் சிரித்துவிட்டான். "மூணு மாசம் ஆகும். ஈர மணலை வெட்டறதுக்கு ஒரு வக இருக்கு தாயே. எல்லாருக்கும் வராது. கோட்டை ஆள் வரும்போது பள்ளத்துல தேங்கின தண்ணிதான் கெடக்கும், ஓடாது. பிடிச்சு மொத்தப் பேரையும் சுவருக்கு ஓட்டிட்டுப் போவாங்க."

"அந்த வக யாருக்கு வரும்?"

சிரிப்பு அவன் முகத்திலேயே நின்றுபோயிற்று.

இங்கே தண்ணீர் உடைந்து ஆற்றில் சேர்ந்தால், இலுப்பைக்கரையையும் திட்டையும் சேர்த்து நாலு பக்கமும் ஆறு ஓடும். நடுவிலே மேற்கு ஓடை மூடிப்போகும். மூடினாலும், இரண்டும் ஒரே திட்டாகிச் செப்பேடு செல்லும்.

அவனுக்கு அழுகை வந்தது. அந்த ஓடையில்தான் அவன் அப்பா அவனுக்கு மண்வெட்டி பிடிக்கச் சொல்லிக் கொடுத்தார். அந்தத் தண்ணீர் இல்லாத நாணல்திட்டை அவனால் நினைத்துப் பார்க்க முடியவில்லை. தோணியம்மை அவனை அழவிட்டாள்.

பிறகு சொன்னான், "நான் ஒருத்தன் முடிவு பண்ண முடியாது."

"அதுக்குத்தானே பானை வச்சிருக்கீங்க," என்று படகைத் திருப்பினாள்.

அன்று திட்டில் அடுப்பு எரியவில்லை. காலையில் தொடங்கிய பேச்சு சாயங்காலம் வரை நீண்டது. கோட்டைக்குச் சொல்லிவிடலாம் என்றார்கள் சிலர். இலுப்பைக்கரைக்காரர்கள் என்றைக்கு நமக்கு ஒரு கை கொடுத்தார்கள் என்றார்கள் சிலர். நாளைக்கு அவர்கள் நம்மைவிட அதிகமாக இலை போட்டால் என்ன செய்வாய் என்று ஒருவர் கேட்டார். காத்தவராயன் கரண்டிச் சத்தத்தை மட்டும் சொன்னான்.

மாவிலை விழுந்தால் இலுப்பைக்கரைக்கு, வேப்பிலை விழுந்தால் பழைய ஓடைக்கு. பானையைக் கவிழ்த்தபோது பத்தொன்பது மாவிலை இருந்தது. பதின்மூன்று வேப்பிலை.

மறுநாள் விடியலில் பத்தொன்பது பேர் மண்வெட்டியோடு பனிக்குள் நடந்தார்கள். பதின்மூன்று பேர் முணுமுணுத்துக்கொண்டே பழைய ஓடையில் இறங்கினார்கள். அவர்களை யாரும் தடுக்கவில்லை.

குளத்தங்கரையில் கரண்டிகள் மறுபடி நின்றன. மண்வெட்டிகளைப் பார்த்து இலுப்பைக்கரைப் பெண்கள் குழந்தைகளைப் பின்னால் இழுத்துக்கொண்டார்கள். வாய்க்காலை மூட வந்திருக்கிறார்கள் என்றே நினைத்தார்கள்.

காத்தவராயன் குழிக்குள் இறங்கினான். மேல்மண்ணை ஒதுக்கினான். கரை சரியாதபடி சாய்த்து முதல் வெட்டு வெட்டினான். ஒரு வெட்டில் நூறு கரண்டி மண் வெளியே போய் விழுந்தது.

குருவம்மா அவன் முன்னால் வந்து நின்றாள். மண்வெட்டியின் காம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"மொதல்ல ஒண்ணு சொல்லுங்கண்ணே. தண்ணி வந்ததும் நாங்க யாரு? உங்க திட்டு ஆளுங்களா, இலுப்பைக்கரைதானா?"

எங்கள் ஆள்தான் என்று சொல்ல அவன் நாக்கு எழுந்தது. அப்படிச் சொல்வது எவ்வளவு சுலபமாக இருந்தது என்பது அவனுக்கே பயமாக இருந்தது. சுற்றிலும் நூறு முகங்கள் அவன் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தன.

"எனக்கெப்படித் தெரியும்?" என்றான். "அத நீங்கதானே சொல்லணும்."

குருவம்மா காம்பை விட்டாள். ஓரமாக நகர்ந்து, தனக்குப் பக்கத்தில் ஓர் ஆள் நின்று வெட்ட இடம் விட்டாள்.