ஆட்காட்டி கூப்பிட்டால் கொட்டு நிற்கும்

பறவைக்கும் மனிதருக்கும் பேச்சு ஒன்றாகவே இருந்த அந்தக் காலத்தில், மேற்கு மலையடிவாரத்தில் ஏழு ஊர்கள் இருந்தன. ஏழு ஊருக்கும் ஒரே ஓடைத் தண்ணீர். ஓடையில் தண்ணீர் வரும் வருஷமெல்லாம் ஊருக்குள் அரிவாளும் வந்துவிடும். யாரோ ஒரு புண்ணியவான் ஒரு நாள், "வெட்டித் தீர்க்கிறதைக் கொட்டித் தீர்ப்போமே" என்றார். ஏழு ஊரும் தலையாட்டியது. அப்படிப் பிறந்ததுதான் ஏழூர்க் கொட்டு. சொன்னவர் பெயரை மட்டும் ஏழு ஊரும் மறந்துபோனது.

புரட்டாசி கடைசிச் செவ்வாயன்று ஏழூர் மேளக்காரர்களும் பொட்டலில் கூடுவார்கள். காலையிலிருந்து தப்பும் பம்பையும் கும்மியும் நடக்கும். உச்சி வெயில் சாய்ந்ததும் எதிர்க்கொட்டு. இரண்டு ஊர் உறுமிக்காரர்கள் முகத்துக்கு முகம் நின்று அடிக்க வேண்டும். எவன் கை முதலில் நிற்கிறதோ அவன் தோற்றான். ஜெயித்த ஊருக்கு மறு வருஷம் முதல் அடி, முதல் பந்தி, ஓடைத் தண்ணீரில் முதல் முறை. தோற்ற ஊர் எல்லாவற்றிலும் கடைசி. மழை வந்தாலும் அடி, மயக்கம் வந்தாலும் அடி, கை நிற்கக்கூடாது என்பதுதான் சட்டம். சட்டம் போட்டவர்களுக்கு அது பெரிய புத்திசாலித்தனமாகத் தெரிந்திருக்கிறது.

மடைக்குளத்து உறுமிக்காரன் பெயர் சன்னாசி. அவனுடைய அப்பன் பெரியாண்டியும் உறுமிக்காரன்தான். பன்னிரண்டு வருஷத்துக்கு முன்னால் ஓடைமேட்டு ஆளை எதிர்த்துப் பெரியாண்டி நின்றபோது, எவனோ ஒருவன், "மடைக்குளத்துல தீப்பிடிச்சிருச்சு" என்று கத்திக்கொண்டு ஓடி வந்தான். பெரியாண்டி குச்சியைப் போட்டுவிட்டு ஊரைப் பார்க்க ஓடினான். ஊரில் அடுப்புப் புகையைத் தவிர வேறு புகை இல்லை. திரும்பி வந்தபோது பொட்டல் முழுக்கச் சிரித்தது. மடைக்குளத்துக்காரர்கள் சிரிக்கவில்லை, அவர்கள் அவனோடு பேசுவதையே விட்டுவிட்டார்கள். கடைசி முறைத் தண்ணீர் வெளிவந்த கதிரெல்லாம் காய்ந்தபின்தான் வந்து சேர்ந்தது. பெரியாண்டி உறுமியைத் தூக்கி விட்டத்தில் மாட்டினான். மூன்று வருஷம் அண்ணாந்து அதைப் பார்த்தபடியே படுத்துக் கிடந்து செத்துப்போனான்.

அப்பன் செத்த அன்றே சன்னாசி அந்த உறுமியைக் கீழே இறக்கினான். அன்றிலிருந்து ஒன்பது வருஷம் கையைப் பழக்கினான். எவன் எதைச் சொல்லிக் கத்தினாலும் தன் கை நிற்கப்போவதில்லை என்று மனசுக்குள் முடிச்சுப் போட்டுக்கொண்டான்.

ஒன்பதாவது வருஷம் பங்குனியில் ஊர்க் கண்மாயில் மண் வெட்டினார்கள். கரைக்கு மண் போட ஆளுக்கு ஓர் இடம் அளந்து விட்டிருந்தார்கள். சன்னாசி மண்வெட்டியை ஓங்கும்போது காலடியில் ஒரு பறவை அலறியது. குனிந்து பார்த்தான். கூழாங்கல் நிறத்தில் நான்கு முட்டைகள் வெறும் தரையில் கிடந்தன.

அது ஆட்காட்டிப் பறவை. நீளக் கால், கறுத்த கழுத்து, வெள்ளை வயிறு. அப்போது அதன் முகத்தில் சிவப்பு என்பதே கிடையாது.

"அண்ணே, பாத்து வெட்டுங்க. உள்ள நாலு உசுரு இருக்கு" என்றது பறவை.

சன்னாசி மண்வெட்டியை இறக்கினான். முட்டைகளைச் சுற்றி நான்கு கல்லை நட்டான். அந்த இடத்தை விட்டுவிட்டு வெட்டியதில் அவன் பங்கு மண் குறைந்தது. அதற்காக இன்னொரு நாள் கூடுதலாக வந்து வெட்டினான். அவன் மனைவி மாயக்கா அப்போது மூன்று மாதம் முழுகாமல் இருந்தாள். முட்டையை உடைக்க அவனுக்குக் கை வரவில்லை.

குஞ்சுகள் பொரித்து ஓடத் தொடங்கியபின் ஆட்காட்டி அவனைத் தேடி வந்தது. "எம்புள்ளைகளக் காப்பாத்திக் குடுத்தீக. நான் என்ன செய்யணும், சொல்லுங்கண்ணே."

சன்னாசி யோசித்தான். அவன் வீடு கண்மாய்க் கரைக்கு நேர் கீழே இருந்தது. "கொட்டு அன்னைக்கு ஊரே பொட்டலுக்குப் போயிரும். பிள்ளை பெத்தவளும் நோயாளியும்தான் வீட்டில கிடப்பாக. நீ கரையில இருக்கிறவ. கரைமேல ஒரு கண்ணு வச்சுக்க தாயி. ஏதாச்சும்னா என்னைக் கூப்பிடு. உன் சத்தம் கேட்ட இடத்துல என் கை நிக்கும்."

"கொட்டுறப்பவுமா?"

"கொட்டுறப்பவும்தான்."

வாக்குக் கொடுக்கும்போது அவன் மனசறிந்துதான் கொடுத்தான். வீட்டுக்குப் போய் மாயக்காவிடமும் சொன்னான். "என் மேளம் கேட்டுக்கிட்டே இருந்தா கரை நல்லா இருக்குன்னு அர்த்தம். மேளம் நின்னா பிள்ளையத் தூக்கிக்கிட்டு மேட்டுக்கு ஓடிரு" என்றான். மாயக்கா சிரித்தாள். இன்னும் பிறக்காத பிள்ளையைத் தூக்கிக்கொண்டு எங்கே ஓடுவது என்று கேட்டாள்.

புரட்டாசியில் பெண் குழந்தை பிறந்தது. கொட்டு நடந்த செவ்வாய்க்கு அது பதினோராம் நாள்; பெயர்கூட வைக்கவில்லை. தீட்டு கழியாதவள் பொட்டலுக்குப் போகக்கூடாது என்பதால் மாயக்கா வீட்டிலேயே இருந்தாள். அந்தத் தெருவில் நடக்கமாட்டாத கிழடுகளும் காய்ச்சல்காரர்களுமாக இன்னும் பத்துப் பேர் இருந்தார்கள். இரண்டு நாளாக மலைமேல் கறுத்துக் கிடந்தது. பொட்டலில் மட்டும் பொட்டுத் தூறல் இல்லை, நல்ல வெயில். கண்மாய் நிறைந்துவிட்ட சந்தோஷத்தில் ஊர் புதுத்துணி கட்டிக்கொண்டு கிளம்பியது. கரைக்குக் காவல் வைக்க ஒருவருக்கும் தோன்றவில்லை. சன்னாசிக்குத் தோன்றியது, தன் காவலாள் அங்கே இருக்கிறாள் என்று சொல்லிக்கொண்டான்.

எதிரே வந்து நின்றவன் ஓடைமேட்டு மொக்கராசு. நல்ல வாட்டசாட்டமான ஆள், பன்னிரண்டு வருஷமாகத் தோல்வி அறியாதவன். இருவரும் உறுமியைத் தோளில் மாட்டி இடுப்புக்கு நேராக இறக்கினார்கள். இடதுகையில் தோலைத் தேய்க்கும் வளைகுச்சி, வலதுகையில் அடிக்குச்சி. வெயில் சாயச் சாய அடி ஏறியது. சன்னாசியின் தோளில் தோல் உரிந்து வார் சிவந்தது. அவன் அதைப் பொருட்படுத்தவில்லை. எதிராளியின் கை மெல்லத் தளர்வது அவனுக்குத் தெரிந்தது.

அப்போதுதான் தலைக்கு மேலே அந்தச் சத்தம் கேட்டது. கிட்-கிட்-டீ-டிட். கிட்-கிட்-டீ-டிட்.

"அண்ணே, கரையில ஊத்து கண்டிருக்கு. நண்டு வளை வழியாக் கலங்கல் தண்ணி வருது. நாலு கூடை மண்ணும் ஒரு கட்டு வைக்கோலும் போதும். இப்ப வந்தா அடைச்சிரலாம்" என்று கத்திக்கொண்டே வட்டமிட்டது ஆட்காட்டி.

சன்னாசிக்கு அந்தக் குரல் தெரிந்தது. இதை மறைக்க முடியாது. அவன் வலதுகை ஒரு கணம் தளரவும் செய்தது. ஆனால் நிமிர்ந்து பார்த்தபோது மொக்கராசின் பல் தெரிந்தது. சிரிக்கிறான் என்று நினைத்துவிட்டான். அப்பனுக்கு ஒருவனைக் கத்தவிட்டவர்கள் மகனுக்கு ஒரு பறவையைக் கத்தவிட்டிருக்கிறார்கள் என்று தோன்றியது. முட்டை விஷயம் ஊருக்கே தெரியுமே, அந்தப் பறவைக்கு இரை போட்டுப் பழக்க எத்தனை நாள் ஆகும் என்று தோன்றியது. அந்தக் கூட்டத்தில் அப்பனும் நின்று அண்ணாந்து பார்ப்பதாகத் தோன்றியது. இவ்வளவும் தோன்றியவனுக்கு, மலைமேல் கறுத்துக் கிடப்பதைத் திரும்பிப் பார்க்க மட்டும் தோன்றவில்லை.

அடுத்து அவன் செய்ததை மேளக்காரனைத் தவிர வேறு யாரும் செய்திருக்க முடியாது. அந்தக் கூப்பாட்டையே அடியாக்கினான். கிட்-கிட்-டீ-டிட் என்று பறவை கத்த, கிட்-கிட்-டீ-டிட் என்று உறுமி திருப்பிச் சொன்னது. பறவை அவசரப்பட்டால் அடியும் அவசரப்பட்டது. பறவையின் தொண்டை கம்மினால் வளைகுச்சி அதையும் தேய்த்துக் காட்டியது. அப்படியொரு அடியை ஏழு ஊரும் அதுவரை கேட்டதில்லை. கூட்டம் எழுந்து நின்றது. பெண்கள் குலவை போட்டார்கள். பறவை என்ன சொல்கிறது என்று ஒருவர் காதிலும் விழவில்லை.

ஆட்காட்டி கடைசியில் கீழே இறங்கி அவன் உறுமியின்மேலேயே உட்கார்ந்தது. அவன் முகத்துக்கு நேராக, "அண்ணே, மதினியும் பிள்ளையும்" என்றது.

அடி தவறாமல், தாளம் பிசகாமல், சன்னாசி அடிக்குச்சியால் அதை ஒரு வீசு வீசினான். குச்சி பறவையின் கண்ணோரத்தில் பட்டது. ரத்தம் உறுமித் தோலில் தெறித்தது. பறவை மண்ணில் விழுந்து, எழுந்து, தாழப் பறந்து போனது. அடுத்த அடி இடம் மாறாமல் விழுந்ததைப் பார்த்து மடைக்குளத்துக்காரர்கள் துண்டைத் தூக்கி எறிந்தார்கள்.

அதன்பின் கொஞ்ச நேரத்தில் மொக்கராசின் கை நின்றது. அவன் குச்சியைக் கீழே வைத்துவிட்டுத் தோளைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தான். சன்னாசி ஜெயித்துவிட்டான். ஊரார் அவனைத் தோளில் தூக்கினார்கள். அப்பன் சாகும்வரை அவனோடு பேசாத பெரியவர்கள் வந்து அவன் கன்னத்தைத் தடவினார்கள். "நல்லாத்தான் சிரிச்சே" என்றான் சன்னாசி, தோளில் இருந்தபடி மொக்கராசிடம்.

மொக்கராசு அண்ணாந்து பார்த்தான். "நான் எங்கப்பா சிரிச்சேன்? தோள்பட்டை இத்துப்போச்சு. பல்லைக் கடிச்சுக்கிட்டில்ல நின்னேன்."

சன்னாசி ஊர்ப் பக்கம் திரும்பிப் பார்த்தான். "எறக்கி விடுங்கப்பா" என்றான். மேளங்கள் ஓய்ந்திருந்தன. அந்த அமைதியில், ஊர்ப் பக்கமிருந்து நெடுநேரம் உருண்டு வந்த சத்தத்தை எல்லோரும் கேட்டார்கள். இடி என்று சிலர் நினைத்தார்கள். சன்னாசி உறுமியைக் கழற்றாமலே ஓடினான்.

அவன் போய்ச் சேர்ந்தபோது கரையில் இரண்டு வண்டி போகும் அகலத்துக்கு வாய் பிளந்திருந்தது. கீழே தெரு இருந்த இடத்தில் சேறு இருந்தது. வெளிச்சம் மங்கும்வரை தோண்டினார்கள். பத்துப் பேர் அகப்பட்டார்கள். மாயக்கா, வீட்டுக்குப் பின்னால் இருந்த வேலமரத்தடியில் அகப்பட்டாள். அவள் முந்தானையில் போட்டிருந்த முடிச்சு அவிழவில்லை. உள்ளே குழந்தையும் இருந்தது. தூக்கிக்கொண்டு புறப்படத் தயாராகத்தான் இருந்திருக்கிறாள்.

அந்த மரத்தடியில் ஆட்காட்டி நின்றுகொண்டிருந்தது. கண்ணோரம் பிளந்து சதை சிவந்து தொங்கியது.

"நீ அவகிட்டயாவது சொல்லியிருக்கலாமே தாயி" என்றான் சன்னாசி.

"சொன்னேன். உங்க அடி வாங்கிக்கிட்டு நேரா இங்கதான் வந்தேன். கரை போகப்போகுது, பிள்ளையத் தூக்கிக்கிட்டு ஓடுங்க மதினின்னு சொன்னேன். பிள்ளைய மடியில கட்டுனாக. வாசல் வரைக்கும் வந்தாக. வந்து காதைக் குடுத்துக் கேட்டாக. எம்புருஷன் மேளம் நிக்கலையே, கரைக்கு ஒண்ணுன்னா அவுக கை நின்னிருக்குமேன்னு சொன்னாக. தீட்டோட தெருவில இறங்கலாமான்னு வேற யோசிச்சாக. மேளம் நிக்கட்டும் வாரேன்னு வாசல்லயே நின்னாக."

சன்னாசி தரையில் உட்கார்ந்தான். கழுத்தில் உறுமி இன்னும் தொங்கியது.

"எனக்குத் தெரிஞ்சதை நான் சொல்லிட்டேன். பேச்சாச் சொன்னா நீங்க பாட்டாக்கிப்புடுவீக. இனி மனுசரோட எனக்குப் பேச்சு கிடையாது. எவர் வந்தாலும் போனாலும் கத்துவேன், அவ்வளவுதான். கேக்கிறவக கேட்டுக்கட்டும்" என்றது ஆட்காட்டி. மனிதரிடம் அது பேசிய கடைசிப் பேச்சு அதுதான். அதைப் பார்த்து மற்றப் பறவைகளும் ஒவ்வொன்றாக வாயை மூடிக்கொண்டன.

மறு வருஷம் புரட்டாசிச் செவ்வாயன்று, ஜெயித்த ஊர் என்பதால் முதல் அடி மடைக்குளத்துக்கு வந்தது. கொட்டே வேண்டாம் என்று சிலர் சொன்னார்கள். கொட்டை விட்டால் திரும்ப அரிவாள் வரும் என்று சிலர் பயந்தார்கள். சன்னாசி வந்தான். உறுமியை மாட்டினான், குச்சியை ஓங்கினான். எங்கோ தூரத்தில் கிட்-கிட்-டீ-டிட் என்று கேட்டது. அவன் குச்சியைக் கீழே வைத்து, அழுகிற பிள்ளையின் வாயைப் பொத்துவதுபோல உள்ளங்கையால் தோலை அமுக்கினான். எதிரே நின்ற மொக்கராசும் தன் உறுமியை அமுக்கினான். பிறகு ஏழூர் மேளமும் நின்றது. இரண்டு பேர் கரைக்கு ஓடினார்கள். திரும்பி வந்து, ஒரு நரிதான் போயிருக்கிறது, வேறொன்றும் இல்லை என்றார்கள்.

"சரி, அடிங்க" என்றான் சன்னாசி. அவன் அடிக்கவில்லை. அதற்குப்பின் சாகும்வரை வருஷாவருஷம் வந்து, உறுமியை மாட்டிக்கொண்டு, காதைக் கொடுத்துக்கொண்டு நின்றான்.

இன்றும் ஏழூர்க் கொட்டு நடக்கிறது. பொட்டலில் பந்தலும் மைக்கும் ஸ்பீக்கரும் வந்துவிட்டன. வெளியூர்க்காரர்கள் பஸ் பிடித்து வந்து பார்க்கிறார்கள். எதிர்க்கொட்டும் உண்டு. ஆனால் கை நிற்காதவனுக்கு அங்கே மரியாதை இல்லை. ஆட்காட்டிச் சத்தம் கேட்டதும் எவன் கை முதலில் நிற்கிறதோ அவன் ஊருக்குத்தான் முதல் அடி. ஸ்பீக்கரையும் அணைத்துவிடுவார்கள். கரைக்குப் போன ஆள் திரும்பி வந்து தலையசைக்கும்வரை ஆயிரம் பேர் மூச்சுக் காட்டாமல் நிற்பார்கள். சன்னாசி கண்டுபிடித்த அந்த அடியை யாரும் அடிப்பதில்லை. தெரியாமல் ஒருவன் அடித்துவிட்டால் பக்கத்தில் நிற்பவன் குச்சியைப் பிடித்துக்கொள்வான். இந்த வழக்கம் ஏழூரைத் தாண்டி மேற்குச் சீமை முழுக்கப் பரவிவிட்டது. கல்யாண ஊர்வலமானாலும் சரி, பாடை போகும் பாதையானாலும் சரி, அந்தச் சத்தம் கேட்டால் அந்தப் பக்கத்து மேளம் நின்றுதான் புறப்படும்.

மாயக்கா வாசலில் காத்து நின்ற அந்த நாளிலிருந்துதான் ஆட்காட்டியின் கண்ணோரச் சதை சிவந்து கிடக்கிறது, கண்ணில் பட்டவரையெல்லாம் பார்த்து அது கத்துகிறது; அன்றைக்கு நிற்காத கைக்காகத்தான் இன்றைக்கு அத்தனை கைகளும் நிற்கின்றன.