மணல் சுமந்த பிச்சாண்டியார்

பொருநை ஆற்றங்கரையில் கூலிக்கு மணல் சுமந்து பிழைத்தவர் பிச்சாண்டியார். ஐந்தெழுத்தைச் சொல்லத் தெரிந்தவர், எழுதத் தெரியாதவர். காசு வாங்காத பள்ளிக்கூடம் ஒன்று முதன்முதலாக அவ்வூர்க் கோயில் மண்டபத்தில் தொடங்கியது. சிலேட்டு அரிதாயிருந்த அந்நாளில், பிள்ளைகள் விரலால் எழுதிப் பழக மணல் வேண்டும். பிச்சாண்டியார் விடியலில் குளித்து, 'நமசிவாய' என்று சொல்லிக்கொண்டே சலித்த முதல் கூடையை அங்கே கொண்டுபோய்ப் பரப்புவார். அவர் அறிந்த பூசை அதுதான்.

உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? "ஓசிப் படிப்பு ஒட்டுமாவே? அழியுத எழுத்துக்கு மண்ணு சுமக்கீரே!" என்று படித்துறையில் சிரித்தார்கள்.

"அழிஞ்சா என்னவே, நாளைக்கும் பிள்ளைய எழுதும்லா" என்பார் அவர். ஒரே மகன் சடையப்பன் எழுதுவதை எதிரே நின்று கண்குளிரப் பார்த்துவிட்டுத்தான் வேலைக்குப் போவார்.

அந்த ஆண்டு வந்த வாந்திபேதி சடையப்பனைக் கொண்டுபோயிற்று. மறுநாளும் மணல் வந்தது. மகன் உட்கார்ந்த இடத்திலும் ஒரு பிடி குறையாமல் பரப்பினார்.

நோய்க்குப் பயந்து பலர் பிள்ளைகளை அனுப்பவில்லை. இருபது பேர் இல்லாவிட்டால் பள்ளியை மூட உத்தரவு. மேலதிகாரி பார்வையிட வந்த அன்று, வாத்தியார் வீடுவீடாக அலைந்தும் பத்தொன்பது பேர்தான். பிச்சாண்டியார் கூடையை இறக்கிவிட்டு, மகனுடைய இடத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்தார்.

"நீர் யார்?" என்றார் அதிகாரி.

"இருவதாவது ஆளு, சாமி."

"அப்படியா? எழுதும், பார்ப்போம்."

மணலில் விரலால் பிச்சாண்டியார் எழுதினார். பக்கத்துப் பிள்ளைகள் கொல்லென்று சிரித்தார்கள், எழுத்தெல்லாம் தலைகீழ். எதிரே நின்ற அதிகாரி மட்டும் சிரிக்கவில்லை. அவருக்கு 'நமசிவாய' நேராகத் தெரிந்தது.

"இப்படி எழுத யார் கற்றுத் தந்தது?"

"எம் மவன் எழுதுததை எதுத்தாப்புல நின்னுதான் பாத்தேன், சாமி. எனக்கு இப்பிடித்தான் தெரியும்."

அதிகாரி அந்த மணல்முன் உட்கார்ந்துவிட்டார். பிறகு வாத்தியாரைப் பார்த்து, "எல்லாருக்கும் இலவசம் என்றுதான் உத்தரவு. வயது போடவில்லை" என்று சொல்லி, இருபதாம் பெயரைத் தம் கையாலேயே பதிந்தார். பள்ளி பிழைத்தது.

மண்டபத்தில் மணல் பரப்பிய காலம் போய்விட்டது. அன்று எதிரே நின்று வாசித்தவர் வெறும் அதிகாரி அல்லர் என்று ஊரார் இன்றும் சொல்வார்கள். ஆண்டவன் படிக்கும் பக்கமாக எழுதியவர் பிச்சாண்டியார். அவர் சுமந்த மணலுக்கும் நம் வணக்கம்.